எல்.ஐ.சி. கட்டடம், சென்னை

எல்.ஐ.சி. கட்டடம் சென்னை அண்ணா சாலையிலுள்ள அடுக்குமாடி அலுவலகம். ஆயுள் காப்பீட்டுக் கழகத்தின் தென் மண்டல அலுவலகம் இங்குதான் இயங்குகிறது. உயரம் 177 அடி. பதிவுகளில் பெரும்பாலும் 15 மாடி என்றிருக்கும்; ஊர் வாயில் நெடுங்காலம் அது ‘பதினாலு மாடி’ தான். 1959 ஆகஸ்ட் 23 அன்று திறக்கப்பட்டபோது இந்தியாவின் உயரமான கட்டடம் என்ற பெயர் இதற்குக் கிடைத்தது. 1961இல் மும்பையின் உஷா கிரண் கட்டடம் அதைத் தட்டிச் சென்றது.

இந்தப் பெயரைச் சற்றே விளக்கத்தோடு ஏற்க வேண்டும். தஞ்சைப் பெரிய கோயில் விமானம் ஏறத்தாழ 216 அடி. குதுப் மினார் அதனினும் உயரம். ஆகவே மனிதர்கள் புழங்கும் மாடிக் கட்டடங்களுள் உயரமானது என்றே இதைக் கொள்வது பொருந்தும்.

கட்டடத்தைத் தொடங்கியவர் எம்.சி.டி.எம். சிதம்பரம் செட்டியார். 1937இல் இந்தியன் ஓவர்சீஸ் வங்கியை நிறுவிய நகரத்தார் இவர். தம் வசமிருந்த யுனைடெட் இந்தியா ஆயுள் காப்பீட்டு நிறுவனத்துக்கு மவுண்ட் ரோட்டில் (இன்றைய அண்ணா சாலை) ஒரு தலைமையகம் வேண்டும் என்று விரும்பினார். லண்டனைச் சேர்ந்த பிரவுன், மௌலின் என்னும் கட்டடக் கலைஞர்கள் 18 மாடிக்கு வரைபடம் தந்தனர். 1953இல் வேலை தொடங்கியது. மறு ஆண்டு மார்ச் 13 அன்று சிங்கப்பூர் கல்லாங் விமான நிலையத்தில் நேர்ந்த விபத்தில் செட்டியார் இறந்தார். கட்டடம் எழும்பி நிற்பதை அவர் பார்க்கவில்லை.

அடுத்து உரிமையும் கைமாறியது. 1956இல் நடுவண் அரசு ஆயுள் காப்பீட்டுத் தொழிலை நாட்டுடைமையாக்கி, 245 நிறுவனங்களையும் சங்கங்களையும் ஒரே கழகமாக இணைத்தது. பாதி நின்ற கட்டடமும் கழகத்துக்குப் போயிற்று. லண்டன்காரர்கள் விலகியபின் சென்னையின் எல்.எம். சித்தாலே பொறுப்பேற்று, மாடிகளைக் குறைத்துக் கட்டி முடித்தார்.

திறந்துவைத்தவர் நிதியமைச்சர் மொரார்ஜி தேசாய். அவருக்கு முன் அந்தப் பொறுப்பில் முழுநேரமாக இருந்த சென்னைக்காரர் டி.டி. கிருஷ்ணமாச்சாரி, முந்த்ரா விவகாரத்தால் 1958 பிப்ரவரியில் பதவி விலகியிருந்தார். அந்த விவகாரம் எழுந்ததே இதே கழகத்தின் பங்கு முதலீட்டில்தான். அது நேராதிருந்தால் சொந்த ஊர்க் கட்டடத்தை அவரே திறந்திருக்கக்கூடும்.

கட்டுமான வரலாற்றில் இதன் இடம் உயரத்தால் மட்டும் வந்ததன்று. அதுவரை மவுண்ட் ரோட்டுப் பெரிய கட்டடங்கள் பெரும்பாலும் செங்கல்லும் சுண்ணாம்புக் காரையும் கொண்டவை. அவற்றில் பாரத்தைத் தாங்குவது சுவரே. மாடி கூடக்கூடச் சுவரும் தடிக்க வேண்டும். இங்கோ கம்பி கட்டிய கான்கிரீட் தூண்களும் உத்திரங்களும் பாரத்தைச் சுமக்கின்றன, சுவர் வெறும் மறைப்பாகிறது. சென்னையில் மாடி மேல் மாடியாக எழுந்த பிற்காலக் கட்டடங்களுக்கு இதுவே முன்னோடி.

1975 ஜூலை 11 அன்று பெருந்தீ பிடித்தது. கட்டடத்தின் கான்கிரீட் எலும்புக்கூடு தாங்கியது, பழுதுபார்த்து மீண்டும் பயன்பாட்டுக்குக் கொண்டுவந்தனர். 2023 ஏப்ரலில் உச்சியிலிருந்த பெயர்ப்பலகை தீப்பற்றியது, விரைவில் அணைக்கப்பட்டது.

வெளியூர்க்காரருக்கு இக்கட்டடம் பட்டணத்தின் அடையாளமாக இருந்தது. தமிழ்ப் படங்களில் நாயகன் சென்னைக்கு வந்துவிட்டான் என்று காட்ட, சென்ட்ரல் ரயில் நிலையத்துக்கு அடுத்தபடி இதைத்தான் காட்டினார்கள். மேல்மலையனூர், செஞ்சி, திண்டிவனம் பக்கத்தில் உயரம் என்றால் கண்முன் வருவது சுமார் 800 அடி ராஜகிரிக் கோட்டை மலை. அதைப் பார்த்தே வளர்ந்தவர்களும் ஜி.எஸ்.டி. சாலை வழியே வந்து இங்கே அண்ணாந்து நின்றிருக்கிறார்கள். மலையில் ஏறலாம், இறங்கலாம். மனிதன் அடுக்கிய மாடிகளில் லிப்டில் போவது வேறு அனுபவம்.

இன்று நகரில் இதைவிட உயரமானவை பல. சிதம்பரம் செட்டியாரின் நிறுவனப் பெயரான யுனைடெட் இந்தியா, சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட அரசுப் பொதுக் காப்பீட்டு நிறுவனத்தின் பெயரில் நீடிக்கிறது. கட்டடத்துக்கு வாய்த்ததோ கழகத்தின் மூன்றெழுத்து. 2019 பிப்ரவரியில் திறந்த மெட்ரோ தடத்தில் இங்குள்ள சுரங்க நிலையத்துக்கும் எல்.ஐ.சி. என்றே பெயரிட்டார்கள்.