கூத்துக் களமும் திரையும்: மலையகக் கலைஞரின் இரட்டைப் பொறுப்பு

இலங்கையின் பதுளை மாவட்டத்துக் கொஸ்லந்தவும் அதைச் சூழ்ந்த ஊவாத் தோட்டங்களும், பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோப்பிப் பயிர்ச்செய்கைக்கும் பின்னர் தேயிலைக்குமாகத் தென்னிந்தியாவிலிருந்து வந்த தொழிலாளரின் வழித்தோன்றல்கள் வாழும் மலையக நிலப்பகுதியாகும். அவர்கள் தம்முடன் கொண்டுவந்த கலைகளுள் முதன்மையானது, மாசி மாதத்தில் கம்பம் ஊன்றித் தொடங்கி, சிவனின் நெற்றிக்கண்ணால் மன்மதன் எரிவதையும் ரதியின் புலம்பலையும் தோட்டத்து மக்களே நடித்துக் காட்டும் காமன் கூத்தாகும். இதில் பாட்டும் ஆட்டமும் பயிற்றும் வாத்தியார், ஆடுவோரிலிருந்து விலகி நிற்பவர் அல்லர், களத்தில் அவர்களுடனேயே நிற்பவர்.

இலங்கைத் தமிழ்த் திரைப்படமும் இத்தகைய இரட்டைப் பொறுப்பைச் சுமந்தோராலேயே வளர்ந்தது. தென்னிந்தியப் படங்கள் திரையரங்குகளை நிறைத்திருந்தமையால் உள்ளூர்ப் படத்துக்கு முதலீடு கிடைப்பது அரிதாயிருந்த காலத்தில், 35 மி.மீ. சுருளில், அதாவது திரையரங்குகளுக்குரிய அகலமான படச்சுருளில், உருவான முதல் இலங்கைத் தமிழ்ப் படமாகக் கருதப்படும் 'தோட்டக்காரி' 1963இல் வெளிவந்தது. தோட்ட வாழ்வைக் களமாகக் கொண்ட அப்படத்தை இயக்கிய கிருஷ்ணகுமாரே அதன் நாயகனாகவும் நடித்தார்.

1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் இயங்கத் தொடங்கி, வெளிநாட்டுப் படங்களின் இறக்குமதி கட்டுப்படுத்தப்பட்டபோது உள்ளூர்த் தயாரிப்புகளுக்கு இடம் கிடைத்தது. தொழிற்சங்கத் தலைவரான வி.பி. கணேசன் இக்காலத்திலேயே 'புதிய காற்று' (1975), 'நான் உங்கள் தோழன்' (1978), 'நாடு போற்ற வாழ்க' (1981) ஆகிய படங்களைத் தயாரித்து, அவற்றில் நடித்தும் வந்தார். 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிரஜாவுரிமை இழந்து, 1964ஆம் ஆண்டு இலங்கை–இந்திய ஒப்பந்தத்தின்படி இரு நாடுகளுக்கிடையே பங்கிடப்பட்ட மலையக மக்கள் கூட்டத்தின் வாழ்வைத் திரையில் நிறுத்த முனைந்ததே 'புதிய காற்று' படத்தின் வரலாற்றுச் சிறப்பாகும்.

உழைக்கும் மக்களிடையே பிறந்த கலைஞர் திரையின் இருபுறமும் உழைப்பது வேறு நாடுகளிலும் காணப்படுவதே. அதனா அருகே பருத்தி வயல்களில் உழைத்த குடும்பத்தில் 1937இல் பிறந்த துருக்கி நாட்டு நடிகர் யில்மாஸ் குனே, இயக்குநராகவும் எழுத்தாளராகவும் விளங்கினார்; அவர் சிறையிலிருந்து எழுதியளித்த திரைக்கதையை ஷெரிப் கோரென் படமாக்க, அந்த 'யோல்' 1982ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவின் உயரிய விருதைப் பகிர்ந்துகொண்டது.

குனேயின் படங்களுக்குக் கிடைத்த உலகக் கவனம் மலையகக் கலைஞரின் படங்களுக்குக் கிடைக்கவில்லை. தமிழருக்கு எதிரான 1983 யூலை வன்செயலில் ஹெந்தளை விஜயா கலையகம் எரிந்தபோது பல படங்களின் மூலச்சுருள்கள் அழிந்தன. 2014 அக்டோபர் 29இல் கொஸ்லந்த மீரியபெத்தைத் தோட்டத்து லயங்களை, அதாவது தொழிலாளரின் வரிசை வீடுகளை, மண்சரிவு மூடியபோது, உயிர்களோடு ஒரு சமூகத்தின் வாய்மொழி நினைவுகளும் புதையுண்டன. ஆகவே, எஞ்சியுள்ள படச்சுருள்களைத் தேடிப் பாதுகாப்பதையும், கூத்து வாத்தியார்களின் பாடல்களையும் அப்படங்களைக் கண்ட முதியோரின் நினைவுகளையும் பதிவு செய்வதையும், பல்கலைக்கழகங்களும் மலையக அமைப்புகளும் இத்தலைமுறையிலேயே தம் கடமையாக ஏற்க வேண்டும்.