ஆடப்படாத இறுதிப் போட்டி: 1971 பாங்காக் பதிவும் ஆசிய கிளப் கோப்பையின் பதினான்கு ஆண்டு இடைவெளியும்

ஆசிய கிளப் கால்பந்து சாம்பியன்களின் பட்டியலில் 1971ஆம் ஆண்டுக்கு எதிரே கோல் எண்ணிக்கை இல்லை. வென்றது மக்காபி டெல் அவிவ், எதிரணி பாக்தாதின் ஆலியாத் அல்-ஷுர்தா, முடிவு வாக்ஓவர். அடுத்த வரியிலேயே 1985-86 பருவம் வந்துவிடுகிறது. நடுவில் காணாமற்போன ஆண்டுகளை இதுவரையிலான ஆய்வுகள் ஒரே மூச்சில் கடந்துவிடும் வழக்கம் உண்டு: இஸ்ரேலிய அணிகளோடு களமிறங்க அரபு அணிகள் மறுத்தன, 1972ஆம் ஆண்டுப் போட்டி கைவிடப்பட்டது, போட்டித் தொடர் அத்தோடு படுத்துவிட்டது.

இந்த விளக்கம் 1972ஐ விளக்கும். 1975ஐ விளக்காது. 1974 செப்டம்பரில் கோலாலம்பூரில் கூடிய ஆசியக் கூட்டமைப்பு, குவைத் கொண்டுவந்த தீர்மானத்தை 17-13 என்ற வாக்கில் ஏற்று இஸ்ரேலை வெளியேற்றியது. தடையாக இருந்ததாகச் சொல்லப்படும் காரணம் அன்றோடு நீங்கிவிட்டது. எனில் அடுத்த ஆண்டே கோப்பை மீண்டும் தொடங்கியிருக்க வேண்டும். தொடங்கவில்லை, பதினொரு ஆண்டுகள் யாரும் அதைத் தொடவில்லை.

கூட்டமைப்பு செயலிழந்து கிடந்தது என்றும் சொல்ல வழியில்லை. நாடுகளுக்கான ஆசியக் கோப்பை 1972இல் அதே பாங்காக்கிலும், 1976இல் டெஹ்ரானிலும், 1980இல் குவைத்திலும், 1984இல் சிங்கப்பூரிலும் தவறாமல் நடந்தது. 1974 டெஹ்ரான் ஆசிய விளையாட்டுக் கால்பந்தில் குவைத்தும் வட கொரியாவும் இஸ்ரேலுடன் ஆட மறுத்தன. அப்போதும் தொடர் முறிந்துவிடவில்லை. இறுதிப் போட்டியில் ஈரான் இஸ்ரேலை வென்று தங்கம் பெற்றது. ஒரே கண்டம், ஒரே பகை, ஏறக்குறைய அதே ஆண்டுகள். நாடுகளின் போட்டி இந்தப் பகையைத் தாங்கியது, கிளப்புகளின் போட்டி தாங்கவில்லை. வேறுபாட்டைப் பகையில் தேடிப் பயனில்லை. கிளப்புகளில் தேட வேண்டும் என்பதே இக்கட்டுரையின் நிலை.

அதற்கு முன் 1971 பதிவையே சற்று நிதானமாகப் படிக்க வேண்டியிருக்கிறது. தொடரைக் கொன்ற குண்டாக அந்த வாக்ஓவரைக் காட்டுவது வழக்கம். ஆனால் அது முதல் மறுப்பன்று. முந்தைய ஆண்டு, 1970இல், டெஹ்ரானில் நடந்த போட்டியின் அரையிறுதியில் ஹப்போயல் டெல் அவிவுக்கு எதிராக ஆட மறுத்தது பெய்ரூட்டின் ஹோமெனெட்மென். லெபனானின் ஆர்மீனியச் சமூகம் வளர்த்த கிளப் அது. மறுத்த அணிக்கு என்ன தண்டனை? எதிரணி இறுதிக்குப் போயிற்று, அவ்வளவுதான். ஹோமெனெட்மென் மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தில் கலந்துகொண்டது. பட்டியலில் இன்றுவரை அதற்கு மூன்றாம் இடம் இருக்கிறது.

இந்தச் சிறு விவரம் ஏன் முக்கியம்? ஆட மறுப்பதை அன்றைய அமைப்பாளர்கள் தொடரிலிருந்து விலகுவதாகக் கருதவில்லை, ஓர் ஆட்டத்தில் தோற்பதாகவே கருதினார்கள். ஆலியாத் அல்-ஷுர்தாவுக்கும் அதே கணக்குத்தான்: இறுதிப் போட்டிக்கு வராத அணி இரண்டாம் இடத்தில் நிற்கிறது. ஒரே நகரில் எல்லா அணிகளையும் கூட்டி, குழு லீக் ஆட்டங்களும் அதன்மேல் நாக்-அவுட்டுமாகச் சில வாரங்களில் முடிக்கும் அமைப்புக்கு இது மிகவும் வசதியான ஏற்பாடு. அணிகள் ஏற்கெனவே வந்திறங்கிவிட்டன, விடுதி எடுத்தாயிற்று, டிக்கெட் விற்றாயிற்று. ஓர் ஆட்டம் போனால் போகட்டும். ஆகவே 1971 இறுதிப் போட்டியைத் தொடரின் முறிவாகப் பார்ப்பதைவிட, அதற்கு முந்தைய ஆண்டு ஏற்றுக்கொள்ளப்பட்ட ஒரு நடைமுறை உச்சக்கட்டத்தில் நிகழ்ந்ததாகப் பார்ப்பதே பொருந்தும். அமைப்பு மறுப்பைச் செரிக்கப் பழகியிருந்தது. செரிக்கத் தெரிந்த ஒன்றே அதன் சாவுக்குக் காரணம் என்பது ஐயத்துக்குரியது.

பதிவில் இன்னொரு கேள்வியும் ஒளிந்திருக்கிறது. மறுத்தது யார்? 'கிளப் மறுத்தது' என்று எழுதிவிடுகிறோம். ஆலியாத் அல்-ஷுர்தா ஈராக் காவல்துறையின் அணி. 1968 முதல் பாத் கட்சி ஆட்சியில் இருந்த நாட்டில், இஸ்ரேலிய அணியோடு விளையாடலாமா கூடாதா என்பதைக் காவல்துறையின் கால்பந்து அணி தானே கூடிப் பேசித் தீர்மானித்தது என்று நம்புவதற்கு மிகுந்த நல்லெண்ணம் வேண்டும். வீரர்களுக்கும் அதே உணர்வு இருந்திருக்கலாம். அதை மறுக்க வேண்டியதில்லை. ஆயினும் வேறு முடிவெடுக்கும் உரிமை அந்த அணிக்கு இருந்ததா என்பதே வினா. இல்லை என்றால் பாங்காக்கில் நடந்ததை ஒரு கிளப்பின் செயலாக எழுதுவது தவறான எழுவாயில் தொடங்கும் வாக்கியம்.

அந்த நான்கு தொடர்களில் (1967, 1969, 1970, 1971) யார் யார் ஆடினார்கள் என்று பார்த்தால் இது ஈராக்கின் தனிக்கதை அன்று என்பது விளங்கும். 1967இல் ஹப்போயலிடம் 2-1 என்று தோற்று இரண்டாம் இடம் பெற்ற சிலாங்கூர் ஒரு மலேசிய மாநிலத்தின் அணி. 1969 இறுதியில் மக்காபியிடம் 1-0 என்று தோற்ற யாங்ஜி, தென் கொரிய உளவுத்துறையின் அணி. 1966 உலகக் கோப்பையில் வட கொரியா காலிறுதி வரை சென்றதால் அதிர்ந்த சியோல் ஆட்சி, மறு ஆண்டு நாட்டின் சிறந்த வீரர்களை ஒரே கூரையின் கீழ் கொண்டுவர அதை உருவாக்கியது. 1970இல் அது கலைக்கப்பட்டது. 1971இல் கொரியாவின் இடத்துக்கு வந்தது தரைப்படை அணி. 1970இல் சொந்த மண்ணில் ஹப்போயலைக் கூடுதல் நேரத்தில் 2-1 என்று வீழ்த்திக் கோப்பையை வாங்கிய தாஜ், பர்வீஸ் கொஸ்ரோவானி என்ற ஈரானியப் படை அதிகாரியின் கிளப். பெயரே 'மகுடம்', புரட்சிக்குப் பின் அது எஸ்தெக்லால் ஆயிற்று.

இந்தியாவின் சான்று இவற்றைவிடத் தெளிவானது. மோகன் பகானும் ஈஸ்ட் பெங்காலும் கல்கத்தா மைதானத்தில் பல்லாயிரம் பேரைத் திரட்டிக்கொண்டிருந்த காலம். ஆனால் 1969இல் மைசூர், 1970இல் வங்காளம், 1971இல் பஞ்சாப் என்று மாநில அணிகளே ஆசிய 'கிளப்' கோப்பைக்கு அனுப்பப்பட்டன. அந்தந்தப் பருவத்தில் சந்தோஷ் கோப்பையை வென்றவை இவை. நாட்டளவிலான கிளப் லீக் இல்லாத இடத்தில் சாம்பியன் கிளப் எது என்ற கேள்விக்குச் சங்கம் தந்த விடை இது. வேடிக்கையாகத் தோன்றலாம், அன்றைய ஆசியாவின் பெரும்பகுதியில் இதுவே விதி.

இந்தப் பின்னணியில் இஸ்ரேலிய ஆதிக்கத்துக்கும் வேறு பொருள் கிடைக்கிறது. நான்கு இறுதிகளிலும் ஓர் இஸ்ரேலிய அணி நின்றது, மூன்றில் கோப்பை வென்றது. திறமை ஒரு பக்கம் இருக்கட்டும். ஒழுங்காக நடந்துகொண்டிருந்த ஒரு தேசிய லீக்கின் சாம்பியன்களாக அவை ஒவ்வொரு முறையும் வந்தன. ஹப்போயல், ஹிஸ்தாத்ருத் தொழிற்சங்கத்தோடு பிணைந்த இயக்கத்தின் கிளப் என்பது உண்மை. அரசியலற்ற கிளப் எதுவும் அங்கே இல்லை. ஆனால் யார் ஆடுவது என்பதை அமைச்சகமோ தேசியச் சங்கமோ தேர்ந்தெடுக்கவில்லை, லீக் அட்டவணை தேர்ந்தெடுத்தது. இந்த இலக்கணத்துக்குப் பொருந்திய மற்றொரு அணி, 1969இல் மூன்றாம் இடம் பெற்ற ஹிரோஷிமாவின் டோயோ கோக்யோ. 1965இல் தொடங்கிய ஜப்பான் சாக்கர் லீக்கின் சாம்பியன் அது. மற்றவர்கள் பெரும்பாலும் கிளப் வேடமிட்டு வந்த அரசு உறுப்புகள்.

இப்போது இடைவெளிக்குத் திரும்பலாம். 1973இல் ஈரானில் தக்த் ஜம்ஷித் கோப்பை என்ற தேசிய லீக் பிறந்தது. 1974-75இல் ஈராக்கில் தேசிய லீக், 1976-77இல் சவூதியில், 1983இல் தென் கொரியாவில் சூப்பர் லீக். கோப்பை திரும்பி வந்த 1985-86 பருவத்தில் வென்றது கொரிய லீக்கின் தேவூ ராயல்ஸ். ஜித்தாவில் நடந்த இறுதியில் அது சவூதியின் அல்-அஹ்லியைக் கூடுதல் நேரத்தில் 3-1 என்று வீழ்த்தியது. அடுத்த ஆண்டு ஜப்பானின் ஃபுருகாவா எலெக்ட்ரிக். மாநில அணிகள் மறைந்தன: இந்தியாவிலிருந்து ஈஸ்ட் பெங்கால் கொழும்பில் நடந்த மண்டலத் தகுதிச் சுற்றை வென்று முன்னேறியது. லீக்குகள் தோன்றிய ஆண்டுகளும் கோப்பை திரும்பிய ஆண்டும் இவ்வளவு நெருங்கி நிற்பது தற்செயல் என்று வாதிடுவோர் அதற்கான சான்றைத் தர வேண்டும்.

பணமும் தூரமும் தடையாக இருந்தன என்ற வாதத்தில் அதிக நேரம் செலவிட வேண்டியதில்லை. 1957 முதல் கோலாலம்பூரின் மெர்டேக்கா கோப்பைக்கும், 1968 முதல் பாங்காக்கின் கிங்ஸ் கோப்பைக்கும் ஆசிய நாட்டு அணிகள் பறந்து வந்துகொண்டேதான் இருந்தன.

ஐரோப்பாவை முன்வைத்து எழும் மறுப்பு கனமானது. ராணுவத்தின், காவல்துறையின் அணிகள் கிழக்கு ஐரோப்பா முழுவதும் இருந்தன, ஐரோப்பியக் கோப்பை நின்றுவிடவில்லையே? நிற்கவில்லை. 1968இல் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் சோவியத் படைகள் புகுந்தபின், கிழக்கையும் மேற்கையும் பிரித்து முதல் சுற்றைப் புதிதாகக் குலுக்கினார்கள். சினமுற்ற சோவியத் முகாம் நாடுகளின் கிளப்புகள் விலகின. தொடர் அவையின்றியே நடந்து மிலான் வென்றது. அங்கே ஆட்டங்கள் சொந்த ஊர், எதிரணியின் ஊர் என்று பருவம் முழுவதும் பரவியிருந்தன. பின்னால் உறுதியான லீக்குகள் வரிசையாக இருந்தன. சிலர் போனாலும் மீதிப் பேர் கிளப்புகளாகவே எஞ்சினார்கள். ஆசியாவில் அரசுகள் கையை எடுத்தால் எஞ்ச ஏறக்குறைய எவரும் இல்லை. இந்த மறுப்பு இக்கட்டுரையின் வாதத்தை வலுப்படுத்தவே செய்கிறது.

1971ஐப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியவர்கள் 1987ஐ ஓர் அடிக்குறிப்பில் தள்ளிவிடுவது வியப்பளிக்கிறது. அந்த ஆண்டும் இறுதிப் போட்டி நடக்கவில்லை. அல்-ஹிலாலின் முன்னணி வீரர்கள் சவூதி தேசிய அணியின் பயிற்சி முகாமுக்கு அழைக்கப்பட்டார்கள். களமிறக்க அணி இல்லை. ஜப்பானின் யோமியூரிக்குக் கோப்பை போயிற்று. முதலாவதை 'அரசியல்' என்றும் இரண்டாவதை 'நிர்வாகச் சிக்கல்' என்றும் பிரிப்பது வழக்கமாகிவிட்டது. இரண்டிலும் நடந்தது ஒன்றே: கிளப்பைவிட நாட்டின் உரிமை பெரிது என்று கிளப்புக்கு வெளியே ஒருவர் தீர்மானித்தார். இஸ்ரேல் இல்லாத ஆசியாவிலும் இறுதிப் போட்டி ஆடப்படாமல் போகக்கூடும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா? லீக்குகளின் வருகை அரசை முற்றாக அகற்றிவிடவில்லை என்பதையும் இது காட்டுகிறது; இவ்வாய்வு அவ்வளவு தூரம் உரிமை கோரவும் இல்லை. கோப்பை மீண்டும் நிற்பதற்குப் போதுமான அளவு கிளப்புகள் உருவாகியிருந்தன என்பதே அதன் வாதம். 1987இன் வெற்றிடத்துக்குப் பின்னும் தொடர் நிற்காமல் 1988-89க்குப் போனதை இப்படித்தான் விளங்கிக்கொள்ள முடியும்.

மறுப்பைக் கணக்கில் எழுதும் முறை பின்னர் எப்படி மாறியது என்பது தனி ஆய்வுக்குரியது; மூன்று நிகழ்வுகளை மட்டும் அருகருகே வைக்கலாம். 1970இல் மறுத்த ஹோமெனெட்மெனுக்கு ஒரு தோல்வியும் மூன்றாம் இடமும். 2023 அக்டோபரில் இஸ்ஃபஹானில், மைதான நுழைவழியில் ஈரானியத் தளபதி காசிம் சுலைமானியின் மார்பளவுச் சிலை இருந்ததால் சவூதியின் அல்-இத்திஹாத் செபஹானோடு ஆட வெளியே வரவில்லை. கூட்டமைப்பு வராத அணிக்கே 3-0 என்று வெற்றி கொடுத்தது. மறு ஆண்டு, சாம்பியன்ஸ் லீக் இரண்டாம் நிலைத் தொடரில், ஈரானின் டிராக்டர் அணியோடு மோத தப்ரீஸுக்குச் செல்ல மோகன் பகான் மறுத்தது. அது தொடரிலிருந்தே விலகியதாகக் கருதப்பட்டு, அதுவரை ஆடிய ஆட்டமும் அழிக்கப்பட்டது. ஒரு செயல், மூன்று விடைகள்: தோல்வி, வெற்றி, இல்லாமை. இஸ்ஃபஹானில் தவறு போட்டியை நடத்திய கிளப்பின்மேல் எழுதப்பட்டது. கல்கத்தா வழக்கில் வராத கிளப்பின்மேல். இரண்டிலும் பொறுப்பேற்கும் ஆளாகக் கிளப் இருக்கிறது. 1970இலும் 1971இலும் அப்படி ஓர் ஆள் இருப்பதாகவே யாரும் பாவிக்கவில்லை.

2024-25இல் தொடங்கிய சாம்பியன்ஸ் லீக் எலைட், பழைய ஒற்றை நகர முறையைப் பாதியளவு மீட்டிருக்கிறது. முதல் பருவத்தில் மேற்கிலும் கிழக்கிலும் பன்னிரண்டு கிளப்புகள் வீதம் லீக் சுற்று. காலிறுதி முதல் எட்டு அணிகளும் ஜித்தாவில். 2014 முதல் இறுதிவரை சந்திக்காமலிருந்த இரு பாதிகளும் இப்போது காலிறுதியிலேயே கலந்துவிடுகின்றன. 2025 மே 3 அன்று இறுதிப் போட்டியில் அல்-அஹ்லி கவாசாகி ஃப்ரோன்டாலேவை 2-0 என்று வென்றது. அரையிறுதிக்கு வந்த நான்கில் மூன்று சவூதி அணிகள். அம்மூன்றிலும் 2023இல் சவூதி அரசின் பொது முதலீட்டு நிதியம் 75 சதவீதப் பங்கைப் பெற்றது. உளவுத்துறையும் காவல்துறையும் அணி நடத்திய காலத்துக்கும் இதற்கும் உள்ள உறவை, உரிமையாளர் யார் என்ற கேள்வியோடு நிறுத்தாமல், ஆட்ட நாளன்று முடிவெடுப்பவர் யார் என்ற கேள்வியோடு சேர்த்து ஆராய வேண்டும்.