இ.ஆர்.சி.பி.: பித்தநாள, கணையநாள என்டோஸ்கோபி சிகிச்சை

இ.ஆர்.சி.பி. என்பது என்டோஸ்கோப்பையும் எக்ஸ்-ரேயையும் ஒருசேரப் பயன்படுத்தி, பித்தநாளத்திலும் கணையநாளத்திலும் உள்ள அடைப்பை வயிற்றைத் திறக்காமல் நீக்கும் முறை. 1968இல் அமெரிக்காவில் வில்லியம் மக்யூன் குழுவினர் இதனை முதலில் செய்தனர். 1974இல் ஜெர்மனியிலும் ஜப்பானிலும் நாளத்தின் வாய்த்தசையை வெட்டித் திறக்கும் நுட்பம் வந்தது. அதுவரை சோதனையாக இருந்தது சிகிச்சையாயிற்று.

செய்முறை

நோயாளிக்கு மயக்க மருந்து கொடுத்து, பக்கவாட்டில் பார்க்கும் என்டோஸ்கோப்பை வாய்வழியே முன்சிறுகுடல் வரை செலுத்துவர். இரு நாளங்களும் திறக்கும் சிறு முகிழில் மெல்லிய குழலை நுழைத்துச் சாயம் பாய்ச்சினால் எக்ஸ்-ரேயில் நாளம் தெரியும். கல் இருந்தால் வாய்த்தசையை மின்கம்பியால் வெட்டி, பலூனாலோ கம்பிக்கூடையாலோ கல்லைக் குடலுக்குள் இழுத்துவிடுவர்; அது மலத்தோடு போய்விடும்.

பயன்கள்

பித்தநாளக் கல், அதனால் வரும் குளிர்காய்ச்சல், புற்றுநோய் அடைப்பு, பித்தப்பை அறுவைக்குப் பிந்தைய பித்தக் கசிவு ஆகியவற்றுக்கு இது உதவும். பித்தப்பைக்குள்ளேயே இருக்கும் கல்லை இதனால் எடுக்க இயலாது. அதற்குப் பெரும்பாலும் லேப்ராஸ்கோப்பி அறுவையே வழி. வட இந்தியாவில் கொழுப்புக் கற்கள் மிகுதி. தென்னிந்தியாவில் நிறமிக் கற்கள் அதிகம் காணப்படுகின்றன. கேரளத்திலும் தமிழகத்திலும் அறியப்பட்ட வெப்பமண்டலக் கணைய அழற்சியில் இளம் வயதிலேயே கணையநாளத்தில் கல் சேர்ந்து, நீரிழிவும் வரலாம். பெரிய கல்லை வெளியிலிருந்து அதிர்வலையால் நொறுக்கி, தூளை இ.ஆர்.சி.பி. மூலம் அகற்றுவர்.

ஆபத்துகள்

முதன்மையானது கணைய அழற்சி. 100 பேரில் ஏறத்தாழ 3 முதல் 10 பேருக்கு வரும்; பெரும்பாலும் லேசானது, அரிதாக உயிருக்கு ஆபத்தானது. இதைக் குறைக்க ஆசனவாயில் டைக்ளோஃபினாக் அல்லது இண்டோமெதாசின் மருந்து வைப்பர். ரத்தக்கசிவு, நோய்த்தொற்று, குடலில் துளை ஆகியவையும் நேரலாம். நாளம் விரியாமல், கல்லும் இல்லாமல், வெறும் வலிக்காகச் செய்துகொள்ளும் இளம்பெண்களுக்கே அழற்சி அபாயம் கூடுதல். தேவை குறைந்தவருக்கே ஆபத்து அதிகம் என்பதால், கல் உண்டா என்று பார்க்க மட்டும் இன்று எம்.ஆர்.சி.பி. என்னும் எம்.ஆர்.ஐ. ஸ்கேனோ என்டோஸ்கோபி அல்ட்ராசவுண்டோ போதும்.

திருச்சி, திருவரங்கம் நோயாளிகளுக்கு

காமாலை என்றதும் கீழாநெல்லியைத் தேடுவது இப்பக்கத்து வழக்கம். ஆனால் மலம் வெளுத்து, சிறுநீர் கருமஞ்சளாகி, உடம்பு அரித்தால் அது அடைப்புக் காமாலையாக இருக்கலாம். பிலிருபின் சோதனையும் வயிற்று ஸ்கேனும் தாமதமின்றிச் செய்ய வேண்டும். நடுக்கத்துடன் காய்ச்சலும் சேர்ந்தால் அவசரம். ஏகாதசி விரதத்துக்குப் பழகிய திருவரங்கத்தாரும் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: இ.ஆர்.சி.பி.க்கு வெறும் வயிற்றோடு வர வேண்டும் என்பதால், மருத்துவர் குறித்த நேரத்துக்குப் பின் கோயில் தீர்த்தமும் கூடாது. ரத்தம் உறையாமைக்கான மாத்திரை, நீரிழிவு, கர்ப்பம் ஆகியவற்றை முன்பே சொல்ல வேண்டும்.

வீடு திரும்பியபின் முதுகு வரை பரவும் வலி, வாந்தி, காய்ச்சல், கரிய மலம் ஆகியவற்றில் ஒன்று தோன்றினாலும் காவிரிப் பாலத்தைக் கடந்தாவது உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும். நாளம் அடையாமல் இருக்க பிளாஸ்டிக் ஸ்டென்ட் என்னும் சிறு குழாயை வைத்திருந்தால், வலி இல்லை என்று விட்டுவிடக்கூடாது. ஏறத்தாழ 3 மாதத்தில் அதை எடுக்கவோ மாற்றவோ வேண்டும். மறந்தால் அது அடைத்துக்கொண்டு மீண்டும் காமாலையும் தொற்றும் வரும்.