ஃபைன் கட்டினா தீர்ந்துடுமா?

நான் சின்னப் பையனா இருந்தப்போ பாலாத்து மணலைக் கையால தோண்டினாலே ஊத்து வரும். இப்போ கிணத்துலயே தண்ணி பாதாளத்துல கிடக்குது. ராத்திரி மணல் லாரி பிடிபட்டா, ஃபைன் கட்டி வண்டிய மீட்டுட்டுப் போயிடுறாங்க.

இப்படிப் பணம் கட்டிக் குற்றத்தைத் தீர்த்துக்கொள்ள 1957-ஆம் வருஷத்துக் கனிமச் சட்டத்திலேயே இடம் உண்டு. 1972 திருத்தத்தில் சேர்த்த 23ஏ பிரிவு அது. 2015-ல் அதிகபட்ச சிறைத்தண்டனையை 2 வருஷத்திலிருந்து 5 வருஷமாக்கினார்கள். ஃபைன் வழி மட்டும் மூடப்படவில்லை.

2020-ல் உச்ச நீதிமன்றம் ஒரு முடிச்சை அவிழ்த்தது: கனிமச் சட்டப்படி பணம் கட்டித் தீர்த்தாலும், மணல் திருட்டு வழக்கு தனியாக நடக்கலாம்.

எனக்கு அது நியாயமாத்தான் படுது. கட்டின காசு கஜானாவுக்குப் போச்சு. எங்க ஊத்து திரும்பி வரலையேங்க.