விதைக்காகவே வளர்த்த கொடி: பரங்கி இனத்தின் தொடக்கம் குறித்து ஒரு மறுவாசிப்பு

பரங்கியும் அதன் உறவுச் செடிகளும் மனிதருக்குப் பயிரான கதையைச் சதையிலிருந்து தொடங்குவதே வழக்கம். காட்டுக்காய் கசந்தது, கசப்பில்லாததை மனிதர் தேர்ந்து வளர்த்தனர் என்பார்கள். இந்த வரிசை தலைகீழானது என்பதே என் வாதம். முதலில் விரும்பப்பட்டது விதை. சதை பின்னால் கிடைத்த வரவு.

மெக்சிகோவின் வாகாக்கா பள்ளத்தாக்கில் உள்ள கிலா நாக்கிட்ஸ் குகையைத் தொல்லியலாளர் கென்ட் பிளானரி 1966இல் அகழ்ந்தார். அங்கே கிடைத்த, பரங்கியின் உறவினமான குக்கர்பிட்டா பெப்போ விதைகளின் காலத்தை நேரடியாகக் கணித்து, 1997இல் புரூஸ் ஸ்மித் வெளியிட்டார். அவற்றுள் பழமையானவை ஏறத்தாழ 10,000 ஆண்டுகளுக்கு முந்தையவை. காட்டு விதைகளைவிட நீளமானவை என்பதே அவை பயிரானவை என்பதற்கு முக்கியச் சான்று. சதை மட்கிவிடும், விதை நிலைக்கும். ஆகவே இது எச்சங்களின் ஓரவஞ்சனை அல்லவா என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். குகை மட்டுமே சாட்சி என்றால் நானும் தயங்குவேன்.

காட்டு உறவினங்கள் அந்தத் தயக்கத்தைப் போக்குகின்றன. அவற்றின் சதையில் குக்கர்பிட்டசின் என்னும் கடுங்கசப்பு நஞ்சு உண்டு. சமைத்தாலும் அது போகாது. 2015இல் ஜெர்மனியில் வீட்டுத் தோட்டத்தில் விளைந்த, இதே இனத்துக் கசப்புச் சுக்கினியைச் சமைத்து உண்ட முதியவர் ஒருவர் இறந்தார். இப்படிப்பட்ட காயைப் பசித்தவன்கூடச் சதைக்காகக் கொடியேற்றியிருக்க மாட்டான். விதையோ, ஒட்டிய சதையைக் கழுவி வறுத்தால் உணவு.

சத்துக் கணக்கும் அதையே சொல்கிறது. உலர்ந்த 100 கிராம் விதைப் பருப்பில் சுமார் 30 கிராம் புரதமும் 49 கிராம் கொழுப்பும் உண்டு. அதே எடைப் பச்சைச் சதையில் புரதம் 1 கிராம்தான். பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். சதையின் பெருமை கரோட்டின். ஆனால் வேட்டையாடியும் திரட்டியும் வாழ்ந்தவருக்குக் கோடை தாண்டிச் சேமிக்க வேண்டியது கொழுப்பே. தடித்த ஓட்டைக் கலமாகவும் மீன்வலை மிதவையாகவும் பயன்படுத்தினர் என்ற கருத்தும் உண்டு. அதை மறுக்க வேண்டியதில்லை. அதிலும் சதைக்கு வேலையில்லை.

அப்படியானால் கசப்பு எப்படிப் போயிற்று? காட்டில் கசப்பு காவல். சிறு கொறிணிகளை அது விரட்டியது. யானை போன்ற பேருடல் மாஸ்டோடான்கள் பொருட்படுத்தாமல் விழுங்கி விதை பரப்பின. அவற்றின் சாணத்தில் இவ்விதைகள் கிடைத்திருக்கின்றன. அவ்விலங்குகள் அழிந்தபின் இக்கொடிகளைத் தாங்கியது மனிதக் குடியிருப்பின் ஓரம் என்று 2015இல் லோகன் கிஸ்ட்லர் குழு வாதிட்டது. நான் அதற்கு மேல் ஒரு படி போகிறேன். விதைக்காக வளர்த்த தோட்டத்தில் காவலை மனிதரே ஏற்றதால், கசப்பிழந்த பிறழ்வுச் செடி பிழைத்தது. அதைச் சுவைத்துக் கண்டவர் விதைக்காக அறுத்தவராகவே இருந்திருப்பார்.

மெக்சிகோ அடுப்படி இதை இன்னும் மறக்கவில்லை. அரைத்த விதையில் பிப்பியான் குழம்பு கொதிக்கிறது. குக்கர்பிட்டா ஆர்கைரோஸ்பெர்மா என்னும் உறவினத்தைப் பெரும்பாலும் விதைக்காகவே பயிரிடுகிறார்கள். அமெரிக்கக் கண்டத்திலிருந்து கடல் கடந்து வந்த பரங்கியைக் கூட்டுக்கும் புளிக்குழம்புக்கும் பழக்கிய நாம், வழித்தெடுத்த விதையைப் பெரும்பாலும் குப்பையில் போடுகிறோம். நமக்கு வந்து சேர்ந்தது இனித்த பிறகான காய். விதையைத் தேடும் தேவை அதற்கு முந்தையது.