பத்து சதவீதத்துக்குப் பத்து லட்சம் டாலர்!

நெட்ஃபிளிக்ஸ் ஒரு காலத்தில் தபாலில் டிவிடி அனுப்பி வந்த அமெரிக்க நிறுவனம். படம் பார்த்தவர்கள் ஒன்று முதல் ஐந்து வரை நட்சத்திரம் கொடுப்பார்கள். அதை வைத்து 'உங்களுக்கு இதுவும் பிடிக்கலாம்' என்று அடுத்த படத்தைச் சொல்வது சினிமேட்ச் என்ற மென்பொருளின் வேலை. அதன் கணிப்பில் வரும் பிழையை 10% குறைத்துக் காட்டுபவருக்கு 10 லட்சம் டாலர் பரிசு என்று 2006 அக்டோபர் 2 அன்று அறிவித்தார்கள். கணினிக் கில்லாடிகள் விடுவார்களா?

பயிற்சிக்காக 4,80,189 வாடிக்கையாளர்கள் 17,770 படங்களுக்குக் கொடுத்த 10 கோடிக்கும் அதிகமான மதிப்பீடுகளை இணையத்தில் வைத்தது நிறுவனம். பெயர்களை நீக்கிவிட்டு வெறும் எண்கள்தான் கொடுத்திருந்தார்கள். 2009 ஜூலையில் இரண்டு குழுக்கள் 10.06% என்று சமமாக வந்து நின்றன. இருபதே நிமிடம் முந்திக்கொண்ட 'பெல்கோர்ஸ் பிராக்மாடிக் கேயாஸ்' பரிசைத் தட்டிச் சென்றது. வேடிக்கை என்னவென்றால், அந்த முழுத் தீர்வை நெட்ஃபிளிக்ஸ் கடைசிவரை பயன்படுத்தவே இல்லை! தொடக்கத்தில் கிடைத்த ஓரிரு உத்திகளே அதற்குப் போதுமானதாக இருந்தன.

உண்மையான கதை வேறு பக்கம் நடந்தது. சென்னை ஐஐடியில் படித்த அரவிந்த் நாராயணன், விட்டாலி ஷ்மாட்டிகோவ் என்ற இரு டெக்சாஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அந்த எண்களைத் துருவினார்கள். ஒருவர் எட்டுப் படங்களுக்குக் கொடுத்த நட்சத்திரங்களும், ஏறக்குறைய எந்தத் தேதியில் கொடுத்தார் என்பதும் தெரிந்தால் போதும். அவற்றில் இரண்டு அடியோடு தவறாக இருக்கலாம், தேதி இரண்டு வாரம் முன்பின் ஆகலாம். அப்படியும் 99% பதிவுகளைத் தனியாக அடையாளம் காண முடிந்தது. ஐஎம்டிபி தளத்தில் வெளிப்படையாக எழுதியவர்களோடு ஒப்பிட்டு இருவரைக் கண்டுபிடித்தும் காட்டினார்கள்.

படம்தானே, இதில் என்ன ரகசியம்? 2009 டிசம்பரில் வழக்குத் தொடர்ந்தவர்களில் ஒருவர், தன் பெயரை வெளியிடாத ஒரு தாய். தான் ஒருபாலீர்ப்பு உடையவர் என்பதைப் பார்த்த படங்கள் காட்டிக்கொடுத்துவிடும் என்பது அவர் அச்சம். அவருக்குக் கைகொடுத்தது 1988-ஆம் ஆண்டுச் சட்டம். 1987-இல் உச்சநீதிமன்றப் பதவிக்கு முன்மொழியப்பட்ட ராபர்ட் போர்க் வாடகைக்கு எடுத்த வீடியோக்களின் பட்டியலை ஒரு பத்திரிகை வெளியிட, அதனால் வந்த சட்டம் அது. (பட்டியலில் இருந்தவை சாதாரணப் படங்கள்தான்!)

வயது, பாலினம், அஞ்சல் குறியீடு எல்லாம் சேர்த்து இரண்டாவது போட்டி நடத்தத் திட்டமிட்டிருந்தது நெட்ஃபிளிக்ஸ். 2010 மார்ச்சில் வழக்கு சமரசத்தில் முடிய, போட்டியும் கைவிடப்பட்டது. ஆனால் முதல் தொகுப்பை அதற்குள் பல்லாயிரம் பேர் தங்கள் கணினிகளில் இறக்கி வைத்திருந்தார்கள்.