பொய்க்கணக்கு எழுதும் பென் டிரைவ்

வீட்டிலிருந்த 5 பழைய வீடியோ கேசட்டுகளைக் கணினிக்கு மாற்றி, நடைபாதைக் கடையில் 350 ரூபாய்க்கு வாங்கிய 512 ஜிபி பென் டிரைவில் போட்டுவைத்தேன். கணினியில் இடமில்லை என்று அங்கே அழித்தும் விட்டேன். கேசட்டுகளோ பூஞ்சை பிடித்துப் போய்விட்டன. மாதங்கள் கழித்துத் திறந்தால், ஐந்தின் பெயரும் தெரிகிறது. முதல் இரண்டுதான் ஓடுகின்றன. மூன்றாவதில் என் மறைந்த மனைவி கொலுவில் பாடியது இருந்தது.

பேரன் சோதித்துவிட்டு, "தாத்தா, இது 8 ஜிபிதான்" என்றான்.

இதன் சரித்திரத்தைத் தேடிப் படித்தேன். ஃபிளாஷ் நினைவகத்தைக் கண்டவர் ஜப்பானில் தோஷிபாவில் இருந்த ஃபுஜியோ மசுவோகா. 2000-இல் சிங்கப்பூரின் டிரெக் நிறுவனமும், இஸ்ரேலின் எம்-சிஸ்டம்ஸும் அதைச் சாவிக்கொத்து அளவில் விற்பனைக்குக் கொண்டுவந்தன. ஐ.பி.எம். விற்ற முதல் டிரைவ் வெறும் 8 எம்பி! அதே ஆண்டு தைவானில் ஃபைசன் நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர் புவா கெயின் செங் என்ற மலேசியர். அவர்கள் செய்தது கன்ட்ரோலர் சிப்.

பென் டிரைவுக்குள் இருப்பது முக்கியமாக இரண்டு சில்லுகள். ஒன்று சரக்கு அறை. மற்றது அதன் குமாஸ்தாவான கன்ட்ரோலர். கணினி சரக்கு அறைக்குள் போய்ப் பார்ப்பதில்லை. குமாஸ்தா சொல்லும் கொள்ளளவை அப்படியே நம்பும். தொழிற்சாலையில் பயன்படும் மென்பொருளைக் கொண்டு அந்த எண்ணை மாற்றிவிட்டால் 8 ஜிபி, 512 ஆகிவிடும். இடம் நிரம்பியபின் வருவதைக் குமாஸ்தா வாங்கி, "வரவு" எழுதிவிட்டுக் குப்பையில் போடுகிறான். கோப்புகளின் பெயர்ப் பட்டியல் தொடக்கத்திலேயே பதிவாவதால் பெயர் மட்டும் நிற்கும். பதியாததை எந்த மெக்கானிக்காலும் மீட்க முடியாது.

நான் பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவன். கோந்த்ரோல் என்ற சொல் 'கோந்த்ர்-ரோல்' என்பதிலிருந்து வந்தது. முதல் பதிவேட்டைச் சரிபார்க்க வைத்த எதிர்ப்பதிவேடு என்று பொருள். திருட்டைத் தடுக்கப் பிறந்த சொல், இன்று திருட்டுக்கே துணைபோகிறது.

நண்பர்களே, புது டிரைவ் வாங்கினால் எச்2டெஸ்ட்டபிள்யூ என்ற இலவச ஜெர்மன் மென்பொருளால் சோதியுங்கள். டிரைவ் முழுவதும் எழுதி, திரும்பப் படித்து ஒப்பிடும். அலுவலகத்தில் நாம் செய்த இருப்புச் சரிபார்ப்புதான். சோதனை முடியும்வரை மூலத்தை அழிக்காதீர்கள். முப்பது வருடம் பிறர் கணக்கைச் சரிபார்த்த நான், என் வீட்டுக் கணக்கில் அதைச் செய்யவில்லை.